கைப்பட்டி கட்டிய அயலவர்: கேள்வி - பதில்

மௌனப்படக் காலத்துச் சிரிப்புப் பொலிஸ்காரர்களைப் பற்றிப் போன இதழில் எழுதியிருந்தேன். வந்த கடிதங்களில் பாதி சினிமாவைப் பற்றியவை, மற்றப் பாதி எங்கள் ஒழுங்கைகளைப் பற்றியவை. இரண்டையும் கலந்தே தருகிறேன்.

போர்க்காலத்தில் ஊர்ச்சனத்தைப் பிடித்துப் பொலிஸ் வேலை பார்க்க விடுவதில் சிரிக்க என்ன இருக்கிறது? மௌனப்படம் எடுத்தவர்களுக்கு ஏன் அது சிரிப்பாகப் பட்டது?
*(ஒரு வாசகர், மண்டைதீவு)*

வந்து நின்ற ஆளைப் பார்த்துத்தான் சிரித்தார்கள். 1914இல் பிரித்தானியப் பொலிஸ்காரர் பலர் போர்முனைக்குப் போனார்கள். அந்த இடைவெளியை நிரப்பப் பொதுமக்களை விசேட கான்ஸ்டபிள்களாகச் சேர்க்க அந்த ஆண்டே சட்டம் வந்தது. பலசரக்குக் கடைக்காரர், கணக்கெழுதுபவர், வயதான வாத்தியார் எல்லோரும் பெயர் கொடுத்தார்கள். சீருடை எல்லோருக்கும் கிடைக்கவில்லை. பலருக்குக் கிடைத்தது கையில் கட்ட ஒரு பட்டியும் ஒரு குண்டாந்தடியும்தான். நேற்றுச் சீனி நிறுத்துத் தந்த மனிதர் இன்றைக்கு இருட்டுக்குள் நின்று "யாரங்கே?" என்று கேட்டால், பயம் வருவதற்கு முன் சிரிப்புத்தான் வரும்.

மௌனப்படத்துக்கு இதைவிட வேறென்ன வேண்டும்? தொப்பி, தடி, ஓட்டம் மூன்றும் கண்ணுக்கே தெரிபவை. அமெரிக்காவில் 1912இல் தொடங்கிய கீஸ்ரோன் நிறுவனம் ஏற்கெனவே தடுக்கி விழும் பொலிஸ் கூட்டத்தை வைத்து உலகத்தைச் சிரிக்க வைத்துக்கொண்டிருந்தது.

ஒன்றைக் கவனியுங்கள். அந்தக் கடைக்காரர் மறுநாள் காலையில் தன் கடைக்குத் திரும்பிவிடுவார். இரவு அவர் அநியாயம் செய்திருந்தால் காலையில் கடை வாசலில் நின்று கேட்கலாம். அந்தச் சிரிப்புக்கு அடித்தளமே அதுதான். மற்றக் கேள்விகளுக்கும் நான் திரும்பத் திரும்ப இங்கேதான் வந்து நிற்பேன்.

சார்லி சாப்ளின் படங்களில் இதற்குக் கிட்ட வருவது எது?
*(ஒரு மாணவி, வேலணை)*

1917 ஜனவரியில் வந்த 'ஈஸி ஸ்ட்ரீட்'. போர் நடந்துகொண்டிருந்த நேரம். வேலையில்லாத நாடோடி பொலிஸ் நிலைய வாசலில் ஆள் சேர்க்கும் அறிவித்தலைப் பார்க்கிறான். உள்ளே போவதா விடுவதா என்று அவன் படும் பாடு ஒன்றே ஒரு முழுப் படத்துக்குப் போதும். தெருவை ஆட்டிப்படைக்கும் சண்டியனாக எரிக் காம்பல். தன் பலத்தைக் காட்ட அவன் தெருவிளக்குக் கம்பத்தையே வளைப்பான். சாப்ளின் அவன் தலையை அந்த விளக்குக் கூட்டுக்குள் அமுக்கிக் காஸைத் திறந்துவிடுவார்.

எல்லோரும் அந்தக் காட்சியைத்தான் சொல்வார்கள். எனக்குப் பெரிதாகப் படுவது வேறொன்று. பசியில் சாப்பாட்டுச் சாமான் திருடிய ஓர் ஏழைப் பெண் அவரிடம் பிடிபடுகிறாள். சீருடைக்காரர் அவளைப் பிடித்துக்கொண்டு போகவில்லை. கடையிலிருந்து தானே இன்னும் கொஞ்சம் எடுத்து அவள் கையை நிறைத்து அனுப்புகிறார். பசி தெரிந்தவன் கையில் அதிகாரம் வந்தால் என்ன செய்வான் என்பதை ஒரு சொல்லும் இல்லாமல் ஒரு நிமிடத்துக்குள் காட்டிவிட்டார். பொலிஸ் பயிற்சிக் கல்லூரிகளில் போட்டுக் காட்ட வேண்டிய காட்சி.

சாப்ளின் போருக்குப் போகாத கோழை என்று பிரித்தானியாவில் ஏசினார்களாமே?
*(ஒரு வாசகர், ஊர்காவற்றுறை)*

ஏசினார்கள், கோழைக்குக் கொடுக்கும் வெள்ளை இறகையும் தபாலில் அனுப்பினார்கள். அவர் 1918 ஒக்ரோபரில் 'ஷோல்டர் ஆர்ம்ஸ்' என்ற படத்தால் பதில் சொன்னார். போர் ஓய மூன்று வாரம் இருக்கும்போது, பதுங்குகுழித் தண்ணீருக்குள் படுத்து நித்திரை கொள்ளும் சிப்பாயைக் காட்டிச் சிரிக்க வைத்தார். பங்கருக்குள் மழைத்தண்ணீரோடு இரவைக் கழித்த எங்களுக்கு அந்தக் காட்சியை யாரும் விளக்கத் தேவையில்லை.

அதே முதலாம் உலகப்போர்க் காலத்தில் இலங்கையிலும் இப்படித் தொண்டர்கள் இருந்தார்களா? இருந்திருந்தால் அவர்களைப் பார்த்து யாராவது சிரித்தார்களா?
*(ஓர் ஆசிரியை, மண்கும்பான்)*

இருந்தார்கள். ஒருவரும் சிரிக்கவில்லை.

1915 மே கடைசியில், வெசாக் நேரம், கண்டியில் தொடங்கிய கலவரம் பல இடங்களுக்குப் பரவியது. முஸ்லிம் வணிகர்களின் கடைகள் கொள்ளை போயின, பள்ளிவாசல்கள் தாக்கப்பட்டன, உயிர்களும் போயின. ஜூன் 2ஆம் திகதி இராணுவச் சட்டம் வந்தது. பஞ்சாப் சிப்பாய்களோடு ஐரோப்பியத் தோட்டத்துரைமாரும் வணிகர்களும் துவக்கோடு ஊர்களுக்குள் இறங்கினார்கள். நேற்றுவரை தேயிலைக் கணக்குப் பார்த்தவர் இன்றைக்கு உயிரெடுக்கும் அதிகாரத்தோடு நின்றார். விசாரணை இல்லாமலே ஆட்கள் சுடப்பட்டார்கள். பின்னர் சுட்டவர்கள்மேல் வழக்குப் போட முடியாதபடி பாதுகாப்புக் கட்டளையும் பிறந்தது. காலையில் கடை வாசலில் நின்று கேட்கலாம் என்றேனே, அந்த வாசலை அடைத்த கட்டளை அது.

கொழும்பு நகரக் காவற்படை என்ற தொண்டர் படையின் அதிகாரிகளில் ஒருவர் ஹென்றி பேத்ரிஸ். செல்வந்தர் வீட்டு இளைஞர், வயது 26. அவரையே இராணுவ நீதிமன்றம் குற்றவாளியாக்கி 1915 ஜூலை 7ஆம் திகதி சுட்டுக் கொன்றது. கைப்பட்டி கட்டியவருக்கும் அந்தக் காலம் இரங்கவில்லை.

இந்த அநியாயத்தைச் சட்டசபையில் பேசி, லண்டனுக்கும் போய் முறையிட்டவர் சேர் பொன்னம்பலம் இராமநாதன். அவர் திரும்பி வந்தபோது சிங்களத் தலைவர்கள் குதிரைகளை அவிழ்த்துவிட்டு அவருடைய வண்டியைத் தாங்களே இழுத்தார்கள். அந்தப் பெருமையை நாங்கள் இன்றைக்கும் சொல்கிறோம், சொல்ல வேண்டியதுதான். கடை எரிந்த முஸ்லிம் மக்களின் பக்கத்தை அவர் போதிய அளவு பார்க்கவில்லை என்ற காயம் அவர்களிடம் நெடுங்காலம் இருந்தது என்பதையும் அதே வாயால் சொல்ல வேண்டும்.

பொலிஸ் வேடத்துக்கு நாகேஷா, வடிவேலுவா?
*(ஒரு வாசகர், சுண்ணாகம்)*

'மருதமலை'யில் வடிவேலு வரும் காட்சிகளைச் சத்தத்தை நிறுத்திவிட்டுப் பாருங்கள். பயத்தை மறைக்க நெஞ்சை நிமிர்த்தும் அந்த ஏட்டு ஏகாம்பரம், வசனம் ஒன்றும் இல்லாமலே ஒரு கீஸ்ரோன் பொலிஸ்காரர்தான். நாகேஷுக்கு உடம்பு முழுதும் வாய். இருவரையும் ஒரே சாவடியில் நிறுத்திப் படமெடுக்க ஒருவருக்கும் கொடுத்துவைக்கவில்லை.

தமிழில் வசனமே இல்லாத நகைச்சுவைப் படம்?
*(ஒரு வாசகர், கோப்பாய்)*

சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கத்தில் கமல்ஹாசன் நடித்த 'பேசும் படம்', 1987. அது வெளியான அந்த ஆண்டின் கடைசியில் யாழ்ப்பாணம் ஊரடங்குக்குள் கிடந்தது. நாங்கள் அதைப் பார்த்தது நன்றாகப் பிந்தித்தான், ஜெனரேற்றர் சத்தத்தோடு. சத்தமில்லாத படம் என்பதால் ஒன்றும் நட்டமாகவில்லை.

'தொண்டர் படை' என்று ரேடியோவில் கேட்டாலே என் அம்மா எழும்பி அடுப்படிக்குப் போய்விடுவா. கேட்டால் காரணம் சொல்ல மாட்டா. உங்களுக்குத் தெரியுமா?
*(ஒரு வாசகி, புங்குடுதீவு)*

அம்மா 1989ஐ நினைக்கிறா என்று எண்ணுகிறேன்.

இந்தியப்படை இங்கே நின்ற காலம். வடக்கு கிழக்கு மாகாண சபைக்குப் பொலிஸ் உதவி என்று சி.வி.எஃப். என்ற தொண்டர் படை ஒன்று உருவானது. பெயரளவில் விரும்பி வருகிறவர்களின் படை. நடந்தது பிள்ளைபிடி. ரியூசனுக்குப் போன பெடியன், சந்தைக்குச் சைக்கிளில் போன பெடியன், பஸ்சுக்குள் இருந்த பெடியன் என்று வீதியில் மறித்து ஏற்றினார்கள். தலைமயிரை வெட்டி, சில கிழமைப் பயிற்சியோடு துவக்கைக் கையில் கொடுத்தார்கள். தாய்மார் முகாம் வாசல்களில் நின்று குழறினார்கள். இந்தியப்படை கட்டங்கட்டமாக விலகி 1990 மார்ச் 24ஆம் திகதி கடைசிக் கப்பலும் போனது. அதற்குள் அந்தப் பிள்ளைகள் பலர் புலிகளின் தாக்குதல்களில் செத்துப்போனார்கள். எந்தப் பக்கமும் அவர்களைத் தன்னுடைய பிள்ளை என்று சொல்லவில்லை.

பின்னாளில் புலிகளும் வன்னியில் எல்லைப்படை என்று குடும்பஸ்தர்களுக்குப் பயிற்சி கொடுத்தார்கள். கடைசி ஆண்டுகளில் வீட்டுக்கு ஒருவர் என்று பிள்ளைகளைக் கட்டாயமாகக் கொண்டுபோனார்கள். ஆகவே அம்மாவின் நடுக்கத்துக்கு ஒரு கொடி மட்டும் காரணமில்லை. இனிமேல் அவ எழும்பிப் போனால் நீங்களும் பின்னால் போய்ப் பக்கத்தில் இருங்கள், தங்கச்சி. சொல்ல விரும்பினால் சொல்லுவா.

மௌன நடிப்பில் உங்களால் மறக்க முடியாத நடிகர்?
*(ஒரு வாசகர், நயினாதீவு)*

நடிகர் இல்லை. தலையாட்டி.

வயது குறைந்த பிள்ளைகளுக்காகச் சொல்கிறேன். சுற்றிவளைப்பில் ஊரை மைதானத்திலோ கோயில் வீதியிலோ இருத்துவார்கள். ஜீப்புக்குப் பக்கத்தில் கண்ணுக்கு மட்டும் ஓட்டை விட்ட சாக்கால் முகம் மூடிய ஓர் ஆள். வரிசையாக எங்களை அவன் முன்னால் நடத்துவார்கள். அவன் பேசமாட்டான். தலை அசையாவிட்டால் வீட்டுக்குப் போகலாம். அசைந்தால் ட்ரக்கில் ஏற வேண்டும். ஏறியவர்களில் திரும்பாதவர்கள் எத்தனையோ பேர்.

உலகத்து மௌன நடிகர்கள் எல்லோரும் ஒரு தலையசைப்பால் ஆயிரம் சொல்ல முயன்றார்கள். எங்கள் ஊர்களில் ஒரு தலையசைப்பு ஓர் உயிர். அந்தச் சாக்குக்குள் இருந்தவனும் அநேகமாக எங்களுக்குள் ஒருவன், அடிபட்டு உடைந்தவன், எங்கள் பெயர்கள் தெரிந்தவன். அயலவனை அயலவனுக்குக் காவலாக்கும் வேலை போய் முட்டுகிற கடைசிச் சுவர் அதுதான். மேடையில் யாராவது சாக்கு முகமூடியைச் சிரிப்புக்காக மாட்டினால் நான் எழும்பி வெளியே போய்விடுவேன்.

ஊர்காவல் படையைப் பற்றிச் சிங்களத்தில் யாராவது நேர்மையாகப் படம் எடுத்திருக்கிறார்களா?
*(ஒரு வாசகர், வவுனியா)*

விமுக்தி ஜயசுந்தர எடுத்த 'சுலங்க எனு பினிச'. 2005இல் கான் விழாவில் முதற்படத்துக்கான கமெரா டோர் விருதைப் பகிர்ந்துகொண்ட படம். வசனம் மிகக் குறைவு. யுத்த நிறுத்த காலம், வெறும் வெளி, ஒரு சாவடி, அதில் ஊர்காவல் படைக்காரன் ஒருவன். எதிரி வருவதில்லை. காவல் மட்டும் முடிவதில்லை. அவன் வீடு அவன் கண்முன்னாலேயே உடைகிறது. சிரிப்புப் படம் இல்லை. ஆனாலும் சாப்ளினின் நாடோடியைப் போல, வேறு வழியில்லாமல் சீருடைக்குள் புகுந்த ஏழை ஒருவனை அதில் கண்டேன். படைத்தரப்பிலிருந்து கடும் எதிர்ப்பு வந்ததே அது எங்கேயோ சரியாகத் தொட்டிருக்கிறது என்று காட்டியது.

ஊர்காவல் படை எண்பதுகளில் எல்லைக் கிராமங்களில் உருவானது. சிங்கள, முஸ்லிம் விவசாயிகளுக்குத் துவக்குக் கொடுத்தார்கள். அவர்களுடைய பயம் பொய்யில்லை, அந்தக் கிராமங்களில் புலிகள் செய்த படுகொலைகள் பொய்யில்லை. 1992 ஏப்ரல் 29ஆம் திகதி பொலன்னறுவை அழிஞ்சிப்பொத்தானையில் முஸ்லிம் மக்களைப் புலிகள் கொன்றார்கள். அதற்குப் பழியாக அயலிலுள்ள தமிழ்க் கிராமங்களான முத்துக்கல்லிலும் கரப்பொலையிலும் ஊர்காவல் படையினர் புகுந்து கொன்றார்கள். ஒரே சந்தையில் சாமான் வாங்கியவர்கள் ஒருவரையொருவர் கொன்ற நாள் அது. பயந்த மனிதனிடம் துவக்கைக் கொடுத்துவிட்டு மேற்பார்வை இல்லாமல் விட்ட அரசைத்தான் நான் முதலில் குற்றம் சொல்வேன்.

2006இல் அந்தப் படை சிவில் பாதுகாப்புத் திணைக்களமானது. போர் முடிந்தபின் வன்னியில் முன்பள்ளி ஆசிரியைகள் பலருக்கு அந்தத் திணைக்களமே சம்பளம் கொடுத்தது. அரிவரி படிப்பிக்கிற பிள்ளைக்குப் பாதுகாப்புத் திணைக்களம் ஏன் சம்பளம் கொடுக்க வேண்டும்? கல்வித் திணைக்களம் கொடுக்கட்டும்.

லண்டனில் 'டாட்ஸ் ஆர்மி' பார்த்து வெள்ளைக்காரர் விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள். எங்களுடைய போரைப் பார்த்து எங்களால் ஏன் அப்படிச் சிரிக்க முடியவில்லை?
*(தீவகத்தார் ஒருவர், ஈஸ்ற்ஹாம்)*

1940 மே 14ஆம் திகதி பிரித்தானியப் போர் அமைச்சர் அந்தனி ஈடன் வானொலியில் தொண்டர்களை அழைத்தார். இலட்சக்கணக்கில் சனம் வந்தது. தொடக்கத்தில் துவக்குப் போதாமல் பலர் வேட்டைத் துவக்கோடும் கம்போடும் நின்றார்கள். சாலைத் தடையில் நிற்காமல் போன வாகனக்காரர் சிலர் அவர்கள் சுட்டு இறந்ததும் உண்டு. ஆனால் ஜேர்மன்காரன் தரையிறங்கவில்லை. 1944 டிசம்பரில் படையைக் கடமையிலிருந்து விடுவித்தார்கள். 1968இல் அந்தப் படையைப் பற்றிய 'டாட்ஸ் ஆர்மி' தொடரைத் தொலைக்காட்சியில் பார்த்துச் சிரிக்கத் தொடங்கினார்கள். இடையில் 24 ஆண்டுகள்.

எங்களுடைய போர் முடிந்தது 2009இல், அந்தக் கணக்கின்படி எங்களுக்கு 2033. அந்த ஆண்டில் சிரிப்பு வந்துவிடுமா? எனக்கு நம்பிக்கை இல்லை. எங்களுக்கு ஆண்டுகள் மட்டும் போதாது, பதிலும் வேண்டும்.

1990 ஆகஸ்டில் இராணுவம் தீவகத்துக்குள் இறங்கியபின் மண்டைதீவு, அல்லைப்பிட்டி, மண்கும்பான் இளைஞர்கள் பலரைக் கொண்டுபோனார்கள். அவர்கள் எங்கே? 2006 மே 13 இரவு அல்லைப்பிட்டியிலும் அடுத்த ஊர்களிலும் 13 பேர் கொல்லப்பட்டார்கள், குழந்தைகள் உட்பட. கொன்றவர்கள் யார்? அதே ஆண்டு ஆகஸ்டில் பிலிப்பு நேரியார் ஆலயத்தில் தஞ்சம் புகுந்த சனத்தின்மேல் எறிகணை விழுந்தது. சனத்தைக் காப்பாற்றப் பாடுபட்ட பங்குத்தந்தை ஜிம் பிறவுண் அடிகளாரையும் அவரோடு போனவரையும் ஆகஸ்ட் 20ஆம் திகதிக்குப் பிறகு ஒருவரும் காணவில்லை. அவர்கள் கடைசியாகக் காணப்பட்டது அல்லைப்பிட்டிக் கடற்படைச் சாவடியில். அந்தச் சாவடியில் நின்றவர்களுக்குப் பெயர் உண்டு, கடமைப் பதிவேடு உண்டு. எழுந்து பதில் சொல்ல ஒருவரும் இல்லை.

ஆங்கிலேயர் தங்கள் காவலரைப் பார்த்துச் சிரிக்கிறார்கள் என்றால் அவர்களிடம் கேள்வி கேட்கவும் முடிந்தது. எங்களுக்கும் அது கிடைக்கட்டும், பிறகு பாருங்கள் எங்கள் சனத்தின் பகிடியை.

'தீபன்' படத்தில் நடித்த ஷோபாசக்தி உங்கள் ஊரவர்தானே? அதில் பொலிஸ் வேலை ஏதும் உண்டா?
*(ஒரு வாசகர், பாரிஸ் லாச்சப்பல்)*

அல்லைப்பிட்டிக்காரர்தான். 2015இல் கான் விழாவின் தங்கப்பனை பெற்ற படம், இயக்கம் ஜாக் ஓடியார். பொலிஸ் எட்டிப் பார்க்காத ஒரு புறநகர்த் தொடர்மாடியில் ஷோபாசக்தி காவலாளி. துவக்குச் சண்டை முற்றும்போது அந்த மனிதர் தரையில் வெள்ளைக் கோடு போட்டு, இதற்குள் சுடக்கூடாது என்று அறிவிக்கிறார். ஒருவரும் அவரை நியமிக்கவில்லை, கைப்பட்டிகூட இல்லை. 2009இல் பாதுகாப்பு வலயம் என்ற பெயரில் என்ன நடந்தது என்று அறிந்த சனத்துக்கு அந்தக் கோடு நெஞ்சைக் கிழிக்கும். படத்தின் கடைசிச் சண்டை எனக்குப் பிடிக்கவில்லை. அந்தக் கோடு ஒன்றே போதியதாக இருந்தது.

கிறீஸ் பூதக் காலத்தில் நாங்களும் தடியோடு இரவிரவாக முழித்திருந்தோம். இன்றைக்கு நினைத்தால் பகிடியாக இருக்கிறது. படமாக்கலாமா?
*(ஒரு வாசகர், நாவாந்துறை)*

முதற்பாதி தாராளமாக. 2011 ஆகஸ்டில் மர்ம மனிதன் வருகிறான் என்று நாடே முழித்திருந்தது. பனைமட்டையும் உலக்கையும் ரோச்லைற்றுமாக ஊர் ஊராகக் காவல், நாய் குரைத்தால் நாலு பக்கமும் ஓட்டம். கீஸ்ரோன்காரர் கண்டால் கமெராவைத் தூக்கிக்கொண்டு ஓடி வருவார்கள்.

இரண்டாம் பாதியை உங்களுக்கு நான் சொல்லவா வேண்டும்? துரத்தப்பட்டவன் இராணுவ முகாம் பக்கம் ஓடினான் என்று சனம் கேட்கப் போனது. அதற்குப் பிறகு இராணுவம் வீடுவீடாகப் புகுந்து அடித்தது. நூற்றுக்கும் மேற்பட்ட ஆண்களைக் கொண்டுபோனார்கள். காவல் நின்ற ஊரே கைதானது. அதையும் எடுப்பதென்றால் எடுங்கள். முதற்பாதியை மட்டும் எடுத்தால் அடிபட்டவர்கள் உங்களை மன்னிக்க மாட்டார்கள்.

ஊரில் சிவில் பாதுகாப்புக் குழுவில் சேரச் சொல்லிக் கேட்கிறார்கள். சேரலாமா அண்ணை?
*(ஓர் இளைஞர், அல்லைப்பிட்டி)*

தெருவிளக்கு எரிய, மணல் களவை முறையிட, போதைத்தூள் விற்பவனைப் பற்றி ஊராகக் கூடிப் பேச என்றால் சேரலாம் தம்பி. சட்டத்தை மட்டும் மனதில் வைத்துக்கொள். 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவை, 35ஆம் பிரிவு: பிடியாணையின்றிக் கைதுசெய்யத்தக்க குற்றத்தை உன் கண்முன்னால் செய்பவனை நீ பிடிக்கலாம், பிடித்ததும் தாமதமின்றிப் பொலிஸிடம் ஒப்படைக்க வேண்டும். அடிக்க, கட்டிவைக்க, வீடு சோதிக்க, அடையாள அட்டை கேட்க அது உனக்கு உரிமை தரவில்லை. கூட்டத்தில் நடப்பதை எழுதி வைக்கச் சொல், அதை ஊரவர் எவரும் வாசிக்க விடு. யார் யார் வீட்டுக்கு யார் வந்து போகிறார்கள் என்று எழுதித் தரச் சொன்னால் அன்றைக்கே விலகு.

எங்கள் பாடசாலை நாடக விழாவுக்குப் பத்து நிமிட ஊமை நாடகம் போட இருக்கிறோம். ஊர்க்காவலரை வைத்துச் சிரிப்பாகச் செய்யலாமா?
*(மாணவர்கள், வேலணை)*

செய்யுங்கள். இந்த மண்ணுக்கு ஊமை நாடகம் புதிதில்லை. 1965இல் மரியசேவியர் அடிகளார் தொடங்கிய திருமறைக் கலாமன்றம் போர்க்காலத்திலேயே யாழ்ப்பாணத்தில் வசனமில்லா நாடகம் போட்டது. தீவகத்துக் கூத்துகளில் சேவகர் வந்தாலே சனம் சிரிக்கும்.

கைப்பட்டி கட்டியவன் கதாநாயகன் ஆகட்டும். அவனுக்குத் தொப்பி பெரிதாக இருக்கட்டும், விசில் ஊதினால் ஊதாமல் போகட்டும். மறிக்கப்படுகிற கிழவியைப் பார்த்து மட்டும் சனம் சிரிக்கக்கூடாது. கிழவி அவனை விடக் கெட்டிக்காரியாக இருக்கட்டும், அவனுடைய பட்டியை அவிழ்த்துத் தன் கடகத்தைக் கட்டிக்கொண்டு போகட்டும். துவக்கு மேடைக்கு வேண்டாம். முன்வரிசையில் யாருடைய மகன் காணாமல்போனவன் என்று உங்களுக்குத் தெரியாது. ஒத்திகைக்கு ஒருநாள் அந்தத் தாய்மாரில் இருவரைக் கூட்டி வந்து காட்டுங்கள். அவர்கள் எங்கே சிரிக்கிறார்கள், எங்கே முகத்தைத் திருப்புகிறார்கள் என்று குறித்துக்கொண்டு திருத்துங்கள். திகதி வைத்ததும் எனக்கும் ஒரு சொல் அனுப்புங்கள், முதல் ஆளாக வந்து இருப்பேன்.